மலையைக் காட்டிய கேமரா

கிரேனை வீட்டுக்குக் கொண்டுபோக முடியாது. இதை எங்க முதலாளி எமில்பெக்கிட்ட நான் மூஞ்சிக்கு நேராவே சொன்னேன். அன்னைக்கு அவர் ஏதோ பெரிய கூட்டத்துக்குப் போயிட்டு வந்திருந்தார். எங்க எல்லாரையும் சைட் ஆபீஸுக்குள்ள கூப்பிட்டு நிக்க வெச்சுட்டு, "இனிமே உலகம் பூரா இப்படித்தான். பாதி நாள் வீட்டுலேருந்து வேலை, பாதி நாள் சைட்லேருந்து வேலை"ன்னு ஆரம்பிச்சார்.

"அப்ப எனக்கு?"ன்னு கேட்டேன்.

"நீ கிரேன் ஓட்டுறவ சாய்ரா. நீ எப்படி வீட்டுலேருந்து?"

"அதைத்தான் நானும் கேக்குறேன். எங்க சமையக்கட்டுல கிரேன் நிக்க இடமில்ல, ஃபிரிட்ஜுக்கே இடமில்ல."

எல்லாரும் சிரிச்சாங்க. புருல்சா அக்கா மட்டும் சிரிக்கல. ஏன்னா அந்த ஏற்பாடே அவங்களுக்காகத்தான்.

புருல்சா அக்கா எங்க சைட் எஞ்சினியர். பிஷ்கேக் நகரத்துல தெற்குப் பக்கம், மலைக்கு ஏறுற ரோட்டோரமா பன்னெண்டு மாடி எழுப்பிக்கிட்டிருந்தோம். அம்பது வயசாச்சு அவங்களுக்கு, ஆனா கால் ஒரு இடத்துல நிக்காது. மேல சென்ட்ரிங் அடிக்கிறாங்கன்னா அங்க நிப்பாங்க. கண்ணை மூடித் திறந்தா கீழ கம்பி லாரிக்காரன்கிட்ட கத்திக்கிட்டிருப்பாங்க. டீ குடிக்கக் கூட உக்காந்து நான் பாத்ததில்ல. ஒரு கையில கோப்பை, இன்னொரு கையில நூல்குண்டு. சுவரு லேசா சாஞ்சிருந்தாலும் கொத்தனாரோட ஏழு தலைமுறையையும் இழுத்துப்போட்டுத் திட்டுவாங்க. கொத்தனாருங்களும், சென்ட்ரிங் ஆளுங்களும், மேஸ்திரி ஜொமார்ட்டும் எல்லாரும் அவங்க சொந்த ஊர்க்காரங்கதான், நாரின் பக்கம். ஜொமார்ட் அவங்களுக்குச் சித்தப்பா மகன். அதனால திட்டுறதுல ஒரு உரிமை உண்டு.

போன வருஷம் அவங்க வீட்டுக்காரர் ஷர்ஷென் அண்ணனுக்கு வாதம் அடிச்சிருச்சு. பஸ் ஓட்டினவர். வலது பக்கம் மொத்தமும் போச்சு, பேச்சும் பாதி போச்சு. மக மாஸ்கோவுல வேலை பாக்குறா, வர முடியல. அவரைத் தனியா விட முடியாது. அக்கா வேலையை விட்டாலும் குடும்பம் ஓடாது. அப்பத்தான் முதலாளி இந்தப் புது ஏற்பாட்டைக் கொண்டுவந்தார். வாரத்துல ரெண்டு நாள் சைட், மிச்சம் வீடு. சைட்டுக்கு வர்ற நாள்ல பக்கத்து வீட்டுக்காரம்மா அண்ணனைப் பாத்துக்குவாங்க. கேக்க நல்லாத்தான் இருந்துச்சு.

ஆனா அந்த நல்லது என் தலையில வந்து விடிஞ்சுது. என் கேபினுக்கு வெளியில, கிரேன் கை நீளுற இடத்துல ஒரு கேமரா மாட்டினாங்க. உள்ளேருந்து ஒரு பிடியை வெச்சு நான்தான் அதைத் திருப்பணும். மேலேருந்து சைட் முழுக்கத் தெரியும், அது அப்படியே அக்காவோட போனுக்குப் போகும். "என்னையும் படம் பிடிக்குமா?"ன்னு கேட்டேன். "பிடிக்காது, கீழதான் பாக்கும்"னான் மாட்ட வந்த பையன். நான் நம்பல. அந்த வாரம் பூரா கேபினுக்குள்ள மூக்கைச் சொறியக்கூட யோசிச்சேன்னா பாத்துக்குங்க.

அப்புறம் போன். ஐயோ, அந்த போன்! "சாய்ரா, வலது மூலையில யாரு உக்காந்திருக்கான்? சாய்ரா, லாரி ஏன் அங்க நிக்குது? சாய்ரா, கொஞ்சம் இடது பக்கம் திருப்பு, கம்பியைப் பாக்கணும்." நான் ஒரு டன் கம்பிக் கட்டை ஆகாசத்துல தொங்க விட்டுக்கிட்டு இருப்பேன், காதுல இவங்க.

"அக்கா, நீங்க வீட்லதானே இருக்கீங்க?"

"ஆமா."

"அப்ப வீட்ல இருங்களேன்!"

"இருக்கேன்டி. நீ இடது பக்கம் திருப்பு."

ஒரு நாள் காய்ச்சல்னு நான் லீவு போட்டிருந்தேன். தெம்பு வந்ததும் கொஞ்சம் ரொட்டியும் பாலேடும் வாங்கிக்கிட்டு அவங்க வீட்டுக்குப் போனேன். நாலாவது மாடி, லிஃப்ட் ஓடாது. கதவைத் திறந்தவங்க கையில லேப்டாப்பு விரிஞ்சபடி இருக்கு. ரூமுக்கும் சமையக்கட்டுக்கும் நடந்துக்கிட்டே வேலை பாக்குறாங்க. தரைவிரிப்புல அவங்க நடக்குற தடம் நசுங்கிக் கிடக்கு. சமையக்கட்டு சுவத்துல பென்சில் கோடு. என்னன்னு கேட்டா, அந்தச் சுவரு ரெண்டு விரக்கடை சாஞ்சிருக்காம், சோவியத் காலத்துக் கொத்தனாரை வீட்ல உக்காந்து திட்டிக்கிட்டிருக்காங்க.

ஷர்ஷென் அண்ணன் கட்டில்ல சாஞ்சபடி ஒரு பக்கமாச் சிரிச்சார். "என்னையும்... ஒரு மாடின்னு... நெனச்சிட்டா. காலையில... மட்டம் பாக்குறா."

"சும்மா இருங்க. உங்களுக்கு பிரஷர் பாக்குறேன்."

"கான்கிரீட்டுக்கும்... எனக்கும்... ஒரே போன்."

நெசம்தான். குளிர்காலத்துல ஸ்லாப் போட்டா மேல தடிச்ச கம்பளியைப் போத்தி, உள்ள ஒயர் விட்டு சூடேத்துவோம். அந்தச் சூடு எவ்வளவுன்னு அவங்க போனுக்கு வரும். அண்ணன் கையில கட்டின பட்டையோட கணக்கும் அதே போனுக்கு வரும். ரெண்டையும் மாத்தி மாத்திப் பாப்பாங்க.

அக்கா ஜன்னலுக்குப் போனாங்க, திரும்பி வந்தாங்க, டீயை ஊத்தினாங்க, ஊத்தினதை மறந்துட்டு இன்னொரு கோப்பையில ஊத்தினாங்க. அண்ணன் அவங்களையே பாத்துக்கிட்டிருந்தார். "புருல்சா... நீ இங்க... இருக்கியா?"ன்னார்.

அவங்க நின்னாங்க. "தெரியலையே ஷர்ஷென்"னாங்க.

கிளம்புறேன்னு எந்திரிச்சவளை ரொட்டியைக் கிள்ளி வாயில போடாம விடல அவங்க. அதுல மட்டும் ஒரு குறை வைக்கமாட்டாங்க.

சைட்டுக்கு வர்ற நாள்லயாவது சரியா இருப்பாங்கன்னு நெனச்சா, அது அதுக்கு மேல. வீட்ல கட்டிலுக்கு எதிர்க்க ஒரு கேமரா வெச்சிருந்தாங்க. ஒன்பதாவது மாடியில நின்னுக்கிட்டு அவர் தூங்குறாரா, மாத்திரை போட்டாரா, போர்வை நழுவுச்சான்னு பாப்பாங்க. ஒரு நாள் அண்ணன் விளையாட்டா தொப்பியை எடுத்து அந்தக் கேமரா மேல வீசிட்டார். திரை கறுப்பாப் போச்சு. அக்கா போட்ட கத்தல்ல நான் பிரேக்கைப் பிடிச்சுட்டேன். பக்கத்து வீட்டுக்காரம்மா ஓடிப்போய்ப் பாத்து, "உன் வீட்டுக்காரர் ஜம்முனு இருக்கார், சிரிச்சுக்கிட்டிருக்கார்"னு சொன்னப்புறம்தான் இவங்களுக்கு மூச்சு வந்துச்சு. அப்படியே ஒரு சிமெண்ட் மூட்டை மேல சாஞ்சாங்க, உடனே எந்திரிச்சுட்டாங்க.

ஊர்ல அக்காவோட அப்பா இருந்தார், அசானாலி. எண்பதைத் தாண்டின மனுசன். சாயங்காலம் ஆனா அக்கா அவர்கிட்ட வீடியோ போன்ல முகம் பாத்துப் பேசுறது பழக்கம். எங்க முகம் பாக்க? போன்னா காதுல வெக்கணும்னுதான் அவருக்குத் தெரியும். எத்தனை தடவை சொன்னாலும் காதோட ஒட்டிக்குவார். அக்காவோட திரையில ஒரு பெரிய காதும், அதுல முளைச்ச நரைமுடியும் மட்டும்தான் தெரியும்.

"அப்பா, போனைத் தூரமாப் பிடிங்க, உங்க முகத்தைப் பாக்கணும்!"

"என்னது? தூரமாப் பிடிச்சா எப்படிம்மா கேக்கும்?"

நாங்கெல்லாம் சுத்தி நின்னு சிரிப்போம். ஜொமார்ட், "பெரியப்பா, அக்காவுக்கு இன்னொரு காதையும் காட்டுங்க"ன்னு எட்டிப் பாத்துக் கத்துவான். கடைசியில பெரியவர் தவறாம கேப்பார்: "எப்ப வர்றே?" அக்கா தவறாம சொல்வாங்க: "இந்த ஸ்லாப் முடியட்டும்ப்பா." ஒரு ஸ்லாப் முடிஞ்சா அடுத்த ஸ்லாப். அவங்க மேலயும் குத்தம் சொல்ல முடியாது. சைட் நாள் போக மிச்ச நாளெல்லாம் கட்டிலைச் சுத்தி. நாரினுக்குப் போகணும்னா அண்ணனை யாரு பாப்பா?

இதுல முதலாளி வேற மிரட்டி வெச்சிருந்தார். சர்க்கார் ஆளு ஒருத்தர் சோதனைக்கு வந்த நாள், அக்காவுக்கு வீட்டு நாளாப் போச்சு. கையெழுத்துப் போட ஆளில்லாம அவர் மூஞ்சியைத் தூக்கிக்கிட்டுப் போயிட்டார். எமில்பெக் எல்லார் முன்னாடியும் சொன்னார்: "இன்னொரு தடவை இங்க எதாவது கோளாறு ஆச்சு, இந்த வீட்டு வேலையெல்லாம் அத்தோட சரி. தினமும் வரணும், இல்ல வேற ஆளைப் போட்டுடுவேன்." அன்னையிலேருந்து போன் ரெண்டு மடங்காச்சு. ஒரு பலகை விழுந்த சத்தம் கேட்டாலும், "என்ன விழுந்துச்சு, யாருக்காவது அடியா?"ன்னு பதறிக் கேப்பாங்க.

பிப்ரவரி மாசம். கரி அடுப்புப் புகையில ஊரே தெரியாத காலம். பத்தாவது மாடி ஸ்லாப் போட்டு, போத்தி வெச்சு, சூடேத்திக்கிட்டிருந்தோம். அக்காவுக்கு வீட்டு நாள். காலையில ஜொமார்ட் கீழ முற்றத்துல நின்னு போன் பேசினதை மேலேருந்து பாத்தேன். பேசிக்கிட்டே இருந்தவன் அப்படியே குந்தி உக்காந்துட்டான். தொப்பியைக் கழட்டினான். ஆளுங்க ஒவ்வொருத்தரா அவனைச் சுத்தி வந்தாங்க. ஒரு வயசான கொத்தனார் சுவத்துல நெத்தியை வெச்சுக்கிட்டு தோள் குலுங்க நின்னார்.

வாக்கி-டாக்கி கரகரன்னுச்சு. "சாய்ரா அக்கா, கேமராவைத் திருப்புங்க. சீக்கிரம்."

"எங்கடா திருப்ப?"

"எங்கயாவது. மலைப் பக்கம். எங்களைக் காட்டாதீங்க."

திருப்பிட்டுத்தான் கேட்டேன். "என்னடா ஆச்சு?"

"பெரியப்பா போயிட்டாரு. விடியக்காலை. அக்காவோட அப்பா."

அந்தக் காதுதான் கண்ணுல வந்து நின்னுச்சு.

"அக்காகிட்ட யாரும் வாயைத் திறக்கக் கூடாது"ன்னான் ஜொமார்ட். எனக்குத் தெரியாதா? பெத்தவங்க செத்த சேதியை எங்க ஆளுங்க போன்ல சொல்லமாட்டாங்க. பெரியவங்க நாலு பேரு சேந்து போகணும், ரெண்டு பக்கமும் நெருக்கி உக்காரணும், கையைப் பிடிச்சுக்கிட்டு மெதுவாச் சொல்லணும். சொன்னதும் சாய தோள் இருக்கணும். தனியா நிக்கிறவ காதுல போய் அந்தச் சேதியைப் போட்டா, அதைவிடக் கேவலம் கிடையாது. "கையைக் கழுவிட்டு வண்டியில ஏறுறோம். நேரா அவங்க வீட்டுக்கு. நாங்க போய்ச் சேர்ற வரைக்கும் நீங்க சமாளிங்க"ன்னான்.

சமாளிக்கணுமாம்! பொய்யே வராத வாய் என்னோடது.

அவன் வாக்கி-டாக்கியை வெக்கல, போன் அடிச்சுது.

"சாய்ரா, ஏண்டி எனக்கு மலையைக் காட்டுறே?"

"அது... காத்துக்கா. கேமரா திரும்பிக்கிச்சு."

"திருப்பி வை."

"பிடி இறுகிக்கிச்சு, திரும்ப மாட்டேங்குது."

"காத்துக்குத் திரும்பினது உன் கைக்குத் திரும்பாதா?"

திரையில அவங்களுக்குத் தெரியறது எனக்கும் தெரியும்: கீழ புகை, அதுக்கு மேல வெள்ளை வெளேர்னு மலை. அந்த மலைக்குப் பின்னாடிதான் நாரின்.

"ஜொமார்ட் போனை எடுக்கலையே?"

"வேலையா இருப்பான்."

"கொத்தனாரும் எடுக்கல. நான் பேரு தெரிஞ்ச எல்லாரையும் கூப்பிட்டுட்டேன், ஒருத்தனும் எடுக்கல. சாய்ரா, ஸ்லாப் விழுந்துடுச்சா?"

"ஐயோ, இல்லக்கா!"

"யாரு மேல விழுந்துச்சு?"

"யாரு மேலயும் விழல, சத்தியமா!"

"சூடு எல்லாம் சரியாத்தான் காட்டுது. அதுவும் பொய்யா? மறைக்காதே சாய்ரா. யாரு அடியில இருக்கான்? அவங்க அத்தனை பேரையும் நான்தானே ஊர்லேருந்து கூட்டியாந்தேன். அவங்க அம்மாங்களுக்கு நான் என்ன பதில் சொல்லுவேன்?"

"அக்கா, கெஞ்சிக் கேக்குறேன், நீங்க வீட்லயே இருங்க. எங்கயும் போகாதீங்க."

இதைச் சொல்லியிருக்கக் கூடாது. எப்பவும் 'வீட்ல இருங்க'ன்னு நான் கத்தித்தான் சொல்லுவேன். அன்னைக்கு அழுகையோட சொன்னேன். போன் கட் ஆச்சு.

ஜொமார்ட்கூட்டம் ஏறின வண்டி வடக்கே, அக்கா வீட்டுப் பக்கம் போச்சு. புகை, சறுக்கல், நெரிசல். எங்கயோ ஒரு முக்குல அக்காவும் இவங்களும் ஒருத்தரை ஒருத்தர் தாண்டிப் போயிருக்காங்க. ஜொமார்ட்கூட்டம் நாலு மாடி ஏறிப் போனப்ப கட்டில்ல அண்ணன் மட்டும்தான். பக்கத்து வீட்டுக்காரம்மா சந்தைக்குப் போயிருந்தாங்களாம். வாதம் வந்த நாள்லேருந்து அவரை முதல் தடவையா ஆளில்லாம விட்டுட்டு அக்கா டாக்ஸி பிடிச்சிருந்தாங்க.

சைட்ல யாருமில்ல. வாட்ச்மேன் கேட்ல இருந்தான், நான் ஆகாசத்துல இருந்தேன். மேலேருந்து பாக்குறேன், டாக்ஸி முழுசா நிக்கிறதுக்குள்ள கதவைத் திறந்து குதிச்சாங்க. கோட்டுப் பட்டன் போடல, வீட்டுச் செருப்போட வந்திருக்காங்க, பனியில! முற்றத்துல நடுவுல நின்னு கத்துறாங்க. வாளிகள் வெச்சது வெச்சபடி கிடக்கு, ஒரு ஆளைக் காணோம். "ஜொமார்ட்!"

அப்புறம் படியேற ஆரம்பிச்சாங்க. வெளிச்சுவரு இன்னும் எழும்பாத மாடிங்க, அதனால ஒவ்வொரு மாடியா அவங்க வர்றது எனக்குத் தெரியுது. ஒவ்வொரு மாடியிலயும் ஓடி ஓடி, ஸ்லாப்பைத் தாங்குற முட்டுக்கம்பைத் தட்டிப் பாக்குறாங்க. மடிச்சு வெச்ச கம்பளியைத் தூக்கிப் பாக்குறாங்க. யாராவது அடியில கிடக்காங்களான்னு குனிஞ்சு பாக்குறாங்க. நான் கேபின்ல உக்காந்துக்கிட்டு, "கடவுளே, வண்டியைத் திருப்பு, அவங்களைத் திருப்பு"ன்னு புலம்புறேன். ஜொமார்ட்டைக் கூப்பிட்டேன். "தெரியும், திரும்பி வர்றோம், இறங்கிடாதீங்க"ன்னான். அவனுக்குப் பின்னாடி ஹாரன் சத்தம்தான் கேட்டுச்சு.

பத்தாவது மாடிக்கு வந்துட்டாங்க. ஸ்லாப் மேல மண்டி போட்டு, கம்பளிக்குள்ள கையை விட்டு வெச்சிருந்தாங்க. இளஞ்சூடா இருந்திருக்கும். எந்திரிச்சு நின்னாங்க. எனக்கும் அவங்களுக்கும் நடுவுல காத்து மட்டும்தான், முகம் நல்லாத் தெரியுது. போனை எடுத்துக் காதுல வெச்சாங்க. என் போன் அடிச்சுது.

"சாய்ரா, எல்லாம் நல்லா இருக்கே."

"ஆமாக்கா."

"ஒரு முட்டுகூட அசையல."

"இல்லக்கா."

"வீட்ல அவருக்கு இப்பத்தான் சூப் குடுத்துட்டு வர்றேன். அவரும் நல்லா இருக்கார்."

அப்புறம் ரொம்ப மெதுவா, "நான் இந்த ரெண்டு இடத்தைத்தானே பாத்துக்கிட்டே இருந்தேன்"னாங்க.

"அக்கா, நான் இறங்கி வர்றேன்."

"அங்கேருந்தே சொல்லு."

"மாட்டேன்."

"யாருன்னு மட்டும் சொல்லு சாய்ரா."

"போன்ல சொல்ல மாட்டேன்! என்னைக் கொன்னாலும் போன்ல சொல்ல மாட்டேன். அங்கயே நில்லுங்க, நான் வர்றேன்!"

அதுலயே அவங்களுக்குப் புரிஞ்சுபோச்சு. போனைக் காதுலேருந்து எடுக்காமலே மலைப் பக்கம் திரும்பி நின்னாங்க. கேமரா பாத்துக்கிட்டிருந்த அதே பக்கம்.

இத்தனை வருஷம் ஏறி இறங்கின ஏணி. அன்னைக்கு முடியவே மாட்டேங்குது. உறைஞ்ச கம்பி, கையுறையை மேலயே விட்டுட்டேன், உள்ளங்கைத் தோலு ஒட்டிப் பிய்யுது. பாவிங்களா, இந்த வேலையை எனக்கா வெக்கணும்னு ஜொமார்ட்டைத் திட்டிக்கிட்டே இறங்கினேன். நான் அவங்களுக்கு ரத்த சொந்தமில்ல, பெரிய மனுசியுமில்ல, பதமாப் பேச நாக்கும் கிடையாது. கீழ இறங்கி, கட்டடத்துப் படியில ஏறி, ஆறாவது மாடியில அவங்களைப் பிடிச்சேன். நிக்கச் சொன்னா நிக்கிற ஆளா அவங்க? பாதி இறங்கி வந்திருந்தாங்க.

ரெண்டு கையையும் பிடிச்சுக்கிட்டேன். என்னென்னவோ சொல்லணும்னு இறங்கும்போது யோசிச்சு வெச்சிருந்தேன், ஒண்ணும் வரல. அவங்களேதான் கேட்டாங்க.

"எப்போ?"

"விடியக்காலைக்கா. தூக்கத்துல."

"நேத்து எப்ப வர்றேன்னு கேட்டாரு. இந்த ஸ்லாப்..." அதுக்கு மேல வரல. "என்னைப் பெத்தவரே!"ன்னு போட்டாங்க ஒரு சத்தம். சுவரில்லாத கட்டடம், அந்தச் சத்தம் தெருவுக்குப் போச்சு. ரெண்டு பேரும் படியிலயே விழுந்து அழுதோம். எங்க அப்பா செத்தப்பகூட நான் அப்படி அழல.

வண்டி வந்து நின்னுச்சு. ஆளுங்க தலையைக் குனிஞ்சபடி வரிசையா படியேறி வந்தாங்க. செய்யவேண்டிய முறையெல்லாம் அப்பத்தான் நடந்துச்சு. கீழ வண்டிக்குள்ள பாத்தா, ஷர்ஷென் அண்ணன்! நாற்காலியில வெச்சு நாலு மாடி இறக்கிக் கொண்டுவந்திருக்காங்க. "இவரு விடலக்கா"ன்னான் ஜொமார்ட். "என் மாமனாருக்கு நான் வராம யாரு வருவான்னாரு." அண்ணன் நல்ல கையை நீட்டினார். அக்கா அதைப் பிடிச்சுக்கிட்டு ஏறினாங்க. இன்னொரு கையில என்னைப் பிடிச்சிருந்தாங்க, விடல. நானும் அப்படியே வேலை உடுப்போட ஏறிட்டேன். போற வழியில, மாத்து ஷிஃப்ட்டுல கிரேன் ஓட்டுற என் ஜோடிக்காரிக்கு போன் பண்ணி, கிரேனைப் பாத்துக்கச் சொன்னேன்.

வழி பூரா அவங்களால உக்கார முடியல. கணவாயில பனி, வண்டி ஊருது. சீட்டு மாறுறாங்க, அண்ணன் காலுக்குப் போர்வையை இழுத்து விடுறாங்க, கண்ணாடியைத் துடைக்கிறாங்க. போனை எடுத்து கான்கிரீட் சூட்டைப் பாத்தாங்க. ஜொமார்ட் முகம் ஒரு மாதிரி ஆச்சு. நான் அவனை முறைச்சேன். பழக்கம் அது, கை தானாப் போகுது. அதுக்குப் போய் என்ன பாக்குறது?

ஊர் எல்லையில வண்டியை நிறுத்தி அக்காவுக்குக் கறுப்புத் துணி சுத்தினாங்க. முற்றத்துல பனியை வாரித் தள்ளிட்டு கம்பளிக் கூடாரம் போட்டிருந்தாங்க. வாசல்ல ஆம்பளைங்க கம்பை ஊனிக்கிட்டு குனிஞ்சு நின்னு அழுறாங்க. எங்க சைட் ஆளுங்க வண்டியிலேருந்து இறங்கினதும் "பெரியப்பா, பெரியப்பா"ன்னு வாய்விட்டுக் கதறிக்கிட்டே ஓடினாங்க. தினமும் என்கிட்ட கெட்ட வார்த்தையில ஏட்டிக்குப் போட்டி பேசுறவனுங்க, சின்னப் பசங்க மாதிரி ஓடினாங்க. அண்ணனை நாற்காலியோட தூக்கி அந்த வரிசையில வெச்சாங்க. அக்கா கூடார வாசல்ல நின்னு போனை என் கையில குடுத்தாங்க. "வெச்சுக்கோ"ன்னாங்க.

உள்ள திரைக்குப் பின்னாடி கூட்டிட்டுப் போய், முகத்துத் துணியை விலக்கிக் காட்டினாங்க. நான் பின்னாடிதான் நின்னேன். நல்ல முகம். அகலமான நெத்தி, வெள்ளைத் தாடி, மூக்குல ஒரு பழைய தழும்பு. நானே அன்னைக்குத்தான் அந்த முகத்தைப் பாக்குறேன். அக்கா குனிஞ்சு பாத்துக்கிட்டே இருந்தாங்க. "இப்பத்தான் காட்டுறீங்களாப்பா"ன்னாங்க. அந்த இடத்துல இருந்த ஒருத்தருக்கும் அது புரிஞ்சிருக்காது. எனக்குப் புரிஞ்சுது, வாயில துணியை அடைச்சுக்கிட்டேன்.

அப்புறம் பொம்பளைங்களோட வரிசையில, சுவரைப் பாத்து, உக்காந்தாங்க. ஒப்பாரி ஆரம்பிச்சுது. அவங்க குரல் தனியாக் கேட்டுச்சு.

மறுநாள் பகல்ல நான் வெளிய அடுப்புகிட்ட மாவுத் துண்டு பொரிக்கிறதுக்கு ஒத்தாசை பண்ணிக்கிட்டிருந்தேன். பையில அக்காவோட போன் அதிர்ந்துச்சு. எமில்பெக். எடுத்தேன். நல்ல விதமாத்தான் பேசினார். கேட்டதும் துடிச்சுப் போயிட்டாராம், அடக்கத்துக்கு வந்து சேர்ந்துடுவாராம், சாவுச் சாப்பாட்டுக்கு ஆடு ஏற்பாடு பண்ணிட்டாராம். அப்புறம் தொண்டையைச் செருமினார்.

"சாய்ரா, ஒரே ஒரு விஷயம். வேற ஆளுங்களைக் கூட்டியாந்து பதினொண்ணாவது மாடிக்கு கம்பி கட்டுற வேலையை ஆரம்பிச்சிருக்கேன். உன் ஜோடிக்காரி கேமராவைச் சரியாத் திருப்பி வெச்சிருக்கா. புருல்சாவை ஒரு நிமிஷம் பாத்து, சரின்னு ஒரு வார்த்தை சொல்லச் சொல்லேன். எங்கேருந்தாலும் பாக்கலாமே, அதுக்குத்தானே இவ்வளவு ஏற்பாடும்."

கூடாரத்துக் கதவுக் கம்பளி கொஞ்சம் விலகியிருந்துச்சு. உள்ளே பாத்தேன். நேத்து உக்காந்த அதே இடத்துல, அதே மாதிரி, அக்கா முதுகு தெரிஞ்சுது. ராத்திரி பூரா அவங்க எந்திரிக்கல. ஒரு தடவைகூட இந்த போனைக் கேக்கல. பன்னெண்டு மாடிக் கட்டடத்துல ஒரு சிமெண்ட் மூட்டை மேலகூட நிலைச்சு உக்காராத மனுசி.

"முடியாதுங்கய்யா"ன்னேன்.

"ஒரு நிமிஷம்தானே? அவங்க எங்க?"

"அவங்க இங்க இருக்காங்க"ன்னேன்.

"சரி, கம்பி கட்டுறதை நிறுத்தி வெக்கிறேன். அவங்க வரட்டும்"னு சொல்லிட்டு வெச்சுட்டார். நான் போனை அணைச்சுப் பைக்குள்ள போட்டுட்டு, திரும்ப மாவை எண்ணெயில போட ஆரம்பிச்சேன்.